மணி, மதி, எழில், கனி: ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவாக எந்தப் பெயர் நிற்கும்?

பிள்ளை பிறப்பதற்கு முன்பே பெயரை முடிவு செய்துவிட நினைக்கும் பெற்றோர் இப்போது நிறையப் பேர். ஸ்கேன் பார்த்து ஆணா பெண்ணா என்று சொல்வது 1994-ம் ஆண்டுச் சட்டப்படி நம் நாட்டில் குற்றம். எனவே முன்கூட்டியே ஒரே ஒரு பெயர் வேண்டும் என்றால், அது இரண்டு பேருக்கும் பொருந்துகிற பெயராகத்தான் இருக்க வேண்டும். முழுகாமல் இருக்கும் என் தங்கைக்குக் காரணம் வேறு. "அண்ணா, பேப்பர்ல பேரைப் பார்த்ததுமே இது பையன், இது பொண்ணுன்னு யாரும் முடிவு பண்ணிடக்கூடாது. ஆனா நம்ம பேரா இருக்கணும்" என்றாள். அவளுக்காகத் தேடியதில் கிடைத்தவற்றை, இதே யோசனையில் இருக்கும் மற்றவர்களுக்கும் பயன்படட்டும் என்று எழுதுகிறேன்.

பேப்பரில் என்று அவள் சொன்னது சரியான சொல். தமிழில் வாயைத் திறந்தால் வினைச்சொல் காட்டிக்கொடுத்துவிடும். மதி வந்தான், மதி வந்தாள். 'வந்தார்' என்று மரியாதையாகச் சொன்னால் மட்டும் தெரியாது. ஆகவே பொதுப் பெயரின் பயன் முழுக்க எழுத்தில்தான்: விண்ணப்பம், விடைத்தாள், மின்னஞ்சல், கட்டுரையின் கீழே போடும் பெயர். அந்த இடங்களில் ஒரு பெயர் எந்தப் பக்கமும் சாயாமல் நிற்கிறதா என்பதுதான் கேள்வி. அதைப் பார்க்க நான் இரண்டு விஷயங்களை வைத்துக்கொண்டேன். அந்தச் சொல் 'செல்வன்', 'அரசி' போன்ற வால் இல்லாமல் தனியாகப் பெயராக நிற்குமா? இன்று பொதுவாக இருப்பது நாளைக்கும் பொதுவாக இருக்குமா?

இரண்டாவது கேள்வி ஏன் முக்கியம் என்பதற்குக் கோதை என்ற பெயரின் கதை போதும்.

இன்று கோதை என்றால் பெண் என்று யாரும் யோசிக்காமல் சொல்வார்கள். திருப்பாவையின் கடைசிப் பாட்டில் ஆண்டாள் தன்னைப் 'பட்டர்பிரான் கோதை' என்றுதான் சொல்லிக்கொள்கிறாள். ஆனால் அவளுக்குப் பல நூற்றாண்டுகள் முன்பு கோதை என்பது சேர மன்னர்களின் பெயர். கரூரில் அமராவதி ஆற்றுப் படுகையில் கிடைத்த வெள்ளிக் காசுகளில் 'மாக்கோதை', 'குட்டுவன் கோதை' என்று தமிழ் பிராமியில் பொறித்திருக்கிறது. புறநானூற்றில் பொய்கையார் சேரமான் கோக்கோதைமார்பனைப் பாடும்போது, 'கோதை மார்பின் கோதையானும், கோதையைப் புணர்ந்தோர் கோதையானும்' தொண்டி நகரில் தேன் மணக்கிறது என்கிறார். அரசனும் கோதை, அவன் மார்பில் கிடக்கும் மாலையும் கோதை. தொல்காப்பியத்தில் இயற்பெயர்களை நான்காகப் பிரிக்கும் இடத்தில் சாத்தன், சாத்தி, யானை, கோதை என்று உரைகாரர்கள் உதாரணம் காட்டுகிறார்கள். சாத்தன் ஆணுக்கு, சாத்தி பெண்ணுக்கு. கோதையோ 'கோதை வந்தான்' என்றும் வரும், 'கோதை வந்தாள்' என்றும் வரும். இலக்கணக்காரர்களே பொதுப் பெயருக்கு எடுத்துக்காட்டாக வைத்த பெயர் அது! சேரர்கள் போனார்கள், ஆண்டாள் நிலைத்தாள், பெயர் முழுக்கப் பெண் பக்கம் வந்துவிட்டது. மாலைக்கு ஏது ஆண் பெண்? சொல்லின் பொருள் அப்படியேதான் இருந்தது. யார் அந்தப் பெயரைத் தாங்கிப் புகழ்பெற்றார்கள் என்பதுதான் மாற்றியது.

இதை மனதில் வைத்துக்கொண்டு மற்ற பெயர்களைப் பார்க்கலாம்.

மணி

தமிழ்நாட்டில் இதைவிடப் பரவலான பொதுப் பெயர் கிடையாது என்றே நினைக்கிறேன். ஒவ்வொரு தெருவிலும் ஒரு மணி அண்ணன், ஒரு மணி அக்கா. பொருளில் இதற்கு நிகரான பெயரும் இல்லை. ரத்தினம், பாசி, கோயில் மணி, கடிகார மணி, நெல் மணி, கண்ணின் பாவை எல்லாம் மணிதான். 'மணிநீரும் மண்ணும் மலையும்' என்று வள்ளுவர் அரணைச் சொல்லும்போது (742) தெளிந்த நீருக்கு அடைமொழியாகவும் வருகிறது.

சிலப்பதிகாரத்தின் வழக்குரை காதையை இந்த ஒரு சொல்லுக்காகவே திரும்பப் படிக்கலாம். கண்ணகி பாண்டியன் முன் நின்று தன் ஊரைச் சொல்கிறாள். கன்றை இழந்த பசு நீதி கேட்டுச் சோழனின் வாயிலுக்கு வந்த கதை அதில் வருகிறது: 'வாயிற் கடைமணி நடுநா நடுங்க, ஆவின் கடைமணி உகுநீர் நெஞ்சு சுட'. முதல் கடைமணி அரண்மனை வாசலில் தொங்கும் ஆராய்ச்சி மணி. இரண்டாவது கடைமணி பசுவின் கண்ணோரம். அடுத்தடுத்த இரண்டு அடிகளில் ஒரே சொல், ஒன்று ஒலிக்கிறது, ஒன்று அழுகிறது. கொஞ்சம் தள்ளி, தன் சிலம்புக்குள் இருக்கும் பரல் எது என்று சொல்லும்போது 'என்காற் பொற்சிலம்பு மணியுடை அரியே' என்கிறாள். அங்கே மணி மாணிக்கம். அரசியின் சிலம்பில் முத்து, இவள் சிலம்பில் மணி; வழக்கே அதில் முடிந்துவிடுகிறது. ஒரு காதைக்குள் நீதியின் ஓசை, கண்ணீர், சாட்சி என்று மூன்று வேலைகளையும் பார்த்த சொல்லைப் பிள்ளைக்கு வைக்க யாருக்குத்தான் ஆசை வராது?

ஆனால் பெயராக வரும்போது மணிக்கு ஒரு சிக்கல். பெரும்பாலான மணிகள் இன்னொரு பெயரின் வால் அல்லது தலை. ஆண்களில் மணிகண்டன், மணிவண்ணன், மணிமாறன், சுப்பிரமணியன். பெண்களில் மணிமேகலை, மணிமொழி, கண்மணி. இதில் சுப்பிரமணியனைச் சுருக்கி மணி என்று கூப்பிடுகிறோமே, அந்த மணிக்கும் ரத்தினத்துக்கும் உறவே இல்லை. அது 'பிரம்மண்ய' என்ற வடசொல்லின் கடைசித் துண்டு. தமிழ் வாயில் விழுந்து மணியாகிவிட்டது. ஊரில் உள்ள ஆண் மணிகளில் எத்தனையோ பேர் இப்படி வந்தவர்கள்தான்.

வால் சேர்ந்த பெயர்களிலேயே பொதுவானவையும் உண்டு. தங்கமணி, ராஜாமணி, செல்வமணி மூன்றையும் இரண்டு பேருக்கும் வைக்கிறார்கள். தங்கமணி என்று ஓர் அமைச்சர் இருந்தார். தங்கமணி என்று எத்தனையோ அத்தைகள் இருக்கிறார்கள். சூடாமணி என்றால் எனக்கு எழுத்தாளர் ஆர். சூடாமணிதான் நினைவுக்கு வருவார்.

பொது வாழ்வில் மணி என்ற பெயர் இரு பக்கமும் நின்றதற்குத் திராவிடர் கழகமே சாட்சி. பெரியார் 1973-ல் மறைந்த பிறகு இயக்கத்தை நடத்தியவர் மணியம்மையார். அவர் 1978-ல் மறைந்தபின் பொறுப்பேற்றவர் வீரமணி. மணியம்மையாருக்கு வீட்டில் வைத்த பெயர் காந்திமதி, பிறகு அரசியல்மணி ஆகி, மணியம்மை ஆனார். அதாவது மதியில் தொடங்கி மணியில் முடிந்த பெயர். தஞ்சை மாவட்டத்து மணலூர் மணியம்மையையும் சொல்லாமல் இருக்க முடியாது. பண்ணை ஆட்களுக்காகப் போராடிய பொதுவுடைமைக்காரர். தலைமுடியை வெட்டிக்கொண்டு வேட்டி சட்டை போட்டு ஊர் ஊராகப் போனவர். அந்தப் பெயருக்கு அவரைவிடப் பொருத்தமான ஆள் கிடைக்க மாட்டார்.

இவ்வளவு இருந்தும், வெறும் 'மணி' என்று ஒரு விண்ணப்பத்தில் இருந்தால் படிக்கிறவர் ஆண் என்றுதான் எடுத்துக்கொள்வார். பெண் என்றால் 'மணியம்மா', 'மணிமேகலை' என்று ஏதாவது சேர்ந்திருக்கும் என்ற பழக்கம் அப்படி. தங்கையின் நிபந்தனைக்கு இது கொஞ்சம் இடிக்கிறது.

மதி

மதியைப் பற்றி விசாரிக்கும்போதுதான் எனக்குப் பெரிய சுவாரசியம் பிடித்தது. எழுத்தில் ஒரே பெயர், உள்ளே மூன்று வேர்கள்.

ஒன்று நிலா. வளர்மதி, இளமதி, முழுமதி, மதியழகன் எல்லாம் இதிலிருந்து வந்தவை. இரண்டாவது அறிவு. 'மதிநுட்பம் நூலோடு உடையார்க்கு' என்று குறளில் (636) அமைச்சனுக்குச் சொல்வது இது. அறிவுமதி, மதிவாணன், சுமதி இந்தப் பக்கம். மூன்றாவது வடமொழியில் பெண்பாலைக் காட்டும் விகுதி. கோமதி, காந்திமதி, ஸ்ரீமதி ஆகியவற்றில் இருக்கும் மதிக்கு நிலாவும் இல்லை, அறிவும் இல்லை. 'உடையவள்' என்பதுதான் பொருள். காந்திமதி என்றால் காந்தி உடையவள், ஒளி உடையவள். நாம் தினமும் எழுதும் 'திருமதி'யும் அந்த ஸ்ரீமதியைப் பார்த்து வந்ததுதான்.

இவை போக, மதி என்றால் 'மதிப்புக் கொடு' என்றும் ஆகிறது. சங்கப் பாட்டில் 'சென்மதி', 'கேண்மதி' என்று எதிரில் இருப்பவரிடம் பேசும்போது கூடவே வரும் அசைச்சொல்லும் இதே மதிதான்.

இந்த மூன்று வேர்களும் ஒரே பக்கம் இழுத்திருந்தால் பெயர் எப்போதோ சாய்ந்திருக்கும். நிலா பெண்ணின் முகத்துக்கு உவமை. 'மதியும் மடந்தை முகனும் அறியா' நட்சத்திரங்கள் கலங்கி அலைகின்றன என்று காமத்துப்பாலில் (1116) வருகிறது. ஆக நிலாவும் அந்த வடமொழி விகுதியும் பெண் பக்கம் இழுக்கின்றன. அறிவை ஆண் பிள்ளைகளுக்கே வைத்துப் பழகிய சமூகம் என்பதால் இரண்டாவது வேர் ஆண் பக்கம் இழுத்தது. இந்த இழுபறியில் மதி நடுவிலேயே நிற்கிறது. யாரும் திட்டமிட்டுச் செய்ததில்லை. ஆனால் எனக்குத் தெரிந்து இவ்வளவு உறுதியான நடுநிலை வேறு பெயருக்கு இல்லை.

நிலாவே ஆணா பெண்ணா என்பதிலும் உலகம் ஒத்துப்போனதில்லை. வடமொழியில் சந்திரன் ஆண். ஐஸ்லாந்து, நார்வே பக்கத்துப் பழங்கதைகளிலும் நிலா ஆண், அவன் பெயர் மானி. சூரியன்தான் அவனுக்குச் சகோதரி. தொல்காப்பியர் இந்தச் சண்டையிலேயே இறங்கவில்லை. காலம், உலகம், உயிர், உடம்பு என்று தொடங்கி ஞாயிறு, திங்கள், சொல் வரை அடுக்கிவிட்டு, இவை 'பால்பிரிந்து இசையா' என்று முடித்துவிட்டார். உயர்திணையாக வைத்துப் பேசினாலும் ஆண்பால், பெண்பால் என்று பிரிந்து வராத சொற்கள். பொதுப் பெயர் தேடுகிறவர்களுக்கு இதைவிடப் பழைய சான்று கிடைக்காது.

சுமதிக்கு நடந்ததை மட்டும் எச்சரிக்கையாக எடுத்துக்கொள்ள வேண்டும். நல்ல அறிவு என்ற பொருளில் வரும் அந்தப் பெயர் சமணத்தின் ஐந்தாம் தீர்த்தங்கரர் சுமதிநாதருடையது. இன்று தமிழ்நாட்டில் சுமதி என்று ஓர் ஆணைப் பார்க்க முடியுமா? கோதை போன வழியில்தான் அதுவும் போயிற்று. முன்னால் ஓர் அடைமொழி சேர்ந்தால் மதி உடனே சாய்ந்துவிடுகிறது. வளர்மதி என்றால் பெண். இஸ்ரோவின் ரிசாட்-1 செயற்கைக்கோள் திட்டத்தை இயக்கிய விஞ்ஞானி வளர்மதியின் பெயரைக் கேட்டு ஆண் என்று நினைத்தவர் யாரும் இருக்க மாட்டார்கள். வெறும் மதி மட்டுமே சாயாமல் இருக்கிறது.

ஒரு குறையும் உண்டு. மலையாளத்தில் மதி என்றால் 'போதும்'. பாலக்காட்டில் சாப்பிட உட்கார்ந்து, பரிமாறுகிறவர் இன்னொரு கரண்டிச் சோறு வைக்க வரும்போது இலைக்கு மேல் கையை நீட்டி 'மதி, மதி' என்பார்கள். கேரளத்தில் வளரப் போகிற பிள்ளைக்கு இது தினசரித் தொல்லை. அதிலும் பெண் குழந்தை வேண்டாம் என்று போதும்பொண்ணு எனப் பெயர் வைத்த கொடுமை நம் ஊர்களில் நடந்திருக்கிறது. அந்த நிழல் தெரியாமல்கூட ஒரு பெண் பிள்ளை மீது விழ வேண்டாம். கோவைக்குக் கிழக்கே இருக்கிறவர்கள் கவலைப்பட வேண்டியதில்லை.

எழில்

இது சுத்தமான தமிழ்ச் சொல், பொருளும் ஒன்றுதான். 'நுண்மாண் நுழைபுலம் இல்லான் எழில்நலம்' என்று குறள் (407) சொல்லும்போது அது ஆணின் அழகு. அழகு என்றால் பெண்ணுக்குத்தான் என்பது சினிமாப் போஸ்டர் பார்த்துப் பழகிய கண்ணுக்கு மட்டும்தான். மதுரைப் பக்கம் அழகர், அழகப்பன், அழகு என்று ஆண்களுக்கு வைப்பது சாதாரணம். எனவே எழில் ஆணுக்குப் பொருந்தாது என்று யாராவது சொன்னால் காதில் வாங்க வேண்டாம்.

எழிலன், எழில்வேந்தன், எழிலரசி என்று வால் வைத்த பெயர்கள் தனித்தமிழ் அலையில் வந்தவை. மறைமலையடிகள் 1916-ல் தொடங்கி வைத்த அந்த மாற்றத்தைத் திராவிட இயக்கம் வீடு வீடாகக் கொண்டுபோனது. நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார், ராமையா அன்பழகன் ஆனார். தமிழ்ப் பெயர்களை மீட்டுக் கொடுத்ததற்கு நாம் அவர்களுக்குக் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் அந்தப் பெயர்கள் எல்லாம் ஜோடி ஜோடியாகவே வந்தன: செல்வன், செல்வி; அரசன், அரசி. வாலை விட்டுவிட்டு எழில், தமிழ், அன்பு, இனியா என்று தனிச் சொல்லாக வைப்பது பெரும்பாலும் அடுத்த தலைமுறையின் வேலை. இவற்றில் இனியா இப்போதே பெண் பக்கம் போய்விட்டது. அன்பு ஆண் பக்கம். தமிழ் இரண்டு பக்கமும் இருக்கிறது. பிள்ளை பள்ளிக்கூடத்தில் பாட வேளையோடு சேர்ந்து தினமும் கூப்பிடப்படும் என்பதைத் தவிர எனக்கு ஆட்சேபம் இல்லை. எழில் இன்னும் நடுவில் நிற்கிறது.

மேகத்துக்கு 'எழிலி' என்று ஒரு பழைய பெயர் உண்டு. கடலே வற்றிவிடும், 'தடிந்தெழிலி தான்நல்கா தாகி விடின்' என்கிறது குறள் (17). கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் இகரத்தில் முடிவதால் கேட்டவுடன் பெண் பெயராகிவிடும். பொதுப் பெயர் வேண்டுமென்றால் இதைத் தொட வேண்டாம்.

எழிலின் தொல்லை முழுக்க ழகரத்தில். ஆங்கிலத்தில் எழுத இசட்டும் எச்சும் போட வேண்டும், அதைப் பார்த்துத் தமிழர் அல்லாதவர் 'எஸ்ஹில்' என்று படிப்பார். இலங்கையிலும் மலேசியாவிலும் ஒரு எல் போட்டு முடித்துக்கொள்கிறார்கள். படிக்க எளிது, ஒலி போய்விடுகிறது. பாஸ்போர்ட், ஆதார், மதிப்பெண் சான்றிதழ் மூன்றிலும் ஒரே எழுத்துக்கூட்டல் இருக்கும்படி முதல் நாளே ஒன்றை முடிவு செய்துகொண்டால் பாதித் தொல்லை தீரும்.

கனி

கனிமொழியைச் சுருக்கினால் கனி. பழம், 'கனிஇருப்பக் காய்கவர்ந் தற்று' என்ற இன்சொல் குறள் (100), அதியமான் ஔவைக்குக் கொடுத்த நெல்லிக்கனி எல்லாம் உடனே நினைவுக்கு வரும். பெண் பெயர் என்றுதான் முதலில் தோன்றும். ஆனால் தமிழ் முஸ்லிம் குடும்பங்களில் கனி ஆண் பெயர். உஸ்மான் கனி, அப்துல் கனி என்றெல்லாம் வைக்கிறார்கள். அது அரபியிலிருந்து வந்த சொல், எவரையும் சார்ந்திருக்கத் தேவையில்லாத செல்வம் உடையவர் என்று பொருள், இறைவனின் திருநாமங்களில் ஒன்று. தென் மாவட்டங்களில் இன்னொரு வகை: சமுத்திரக்கனி, முத்துக்கனி. இயக்குநர் சமுத்திரக்கனியை எல்லோருக்கும் தெரியும், ஆண்.

ஆக, தமிழ் எழுத்தில் ஒன்றாகத் தெரியும் இந்தப் பெயர் உண்மையில் பொதுப் பெயர்தான். எந்தக் குடும்பம், எந்த ஊர் என்பதைப் பொறுத்துப் பால் மாறும். இரு சமயக் குடும்பத்தில் பிறக்கும் பிள்ளைக்கு வைக்க இதைவிட அழகான பெயரை என்னால் நினைக்க முடியவில்லை. தாத்தா அரபிப் பொருளில் கூப்பிடலாம், பாட்டி தமிழ்ப் பொருளில் கூப்பிடலாம், பிள்ளை இரண்டுக்கும் திரும்பிப் பார்க்கும்.

ஜோதியும் கிரணும்

தமிழ்நாட்டுக்கு வெளியேயும் செல்லுபடியாகும் பெயர் வேண்டும் என்கிறவர்கள் இவற்றைக் கேட்பார்கள். இரண்டுமே வடசொல், இரண்டுமே ஒளி. மேற்கு வங்கத்தை 1977 முதல் 2000 வரை ஆண்ட ஜோதி பாசு ஆண். நம் ஊரில் ஜோதி பெரும்பாலும் பெண். புதுச்சேரியில் துணைநிலை ஆளுநராக இருந்த கிரண் பேடி பெண். இந்திய அணியின் விக்கெட் கீப்பராக இருந்த கிரண் மோரே ஆண். பஞ்சாபில் சீக்கியர்கள் பெரும்பாலான பெயர்களை இருவருக்கும் பொதுவாக வைத்துவிட்டு, பின்னால் சிங் அல்லது கவுர் சேர்த்துக்கொள்கிறார்கள். நமக்கு அந்தத் தொந்தரவும் இல்லை. முன்னால் தகப்பன் பெயரோ தாய் பெயரோ முதலெழுத்தாக நிற்கும், அது பிள்ளை ஆணா பெண்ணா என்று காட்டாது. பொதுப் பெயருக்கு நம்முடைய இனிஷியல் முறையைப்போல வசதியான ஏற்பாடு கிடையாது.

என் முடிவு

தங்கைக்கு நான் சொன்னது மதி. மனம் என்னவோ மணியிடம்தான் இருக்கிறது. ஆனால் அவள் கேட்டது எழுத்தில் சாயாத பெயர். அதில் மதி ஜெயிக்கிறது. ஏற்கெனவே இரண்டு பக்கமும் ஆட்கள் இருக்கிறார்கள், பொருளும் இரண்டு பக்கமும் இழுக்கிறது, ஆங்கிலத்தில் எழுதினாலும் ஒலி பெரிதாகக் கெடுவதில்லை. கேரளத்தோடு கொடுக்கல் வாங்கல் உள்ள குடும்பம் என்றால் எழில். பிள்ளை வெளிநாட்டில்தான் வளரும், பெயரைச் சொல்லிக்கொடுத்தே அலுத்துப்போகக் கூடாது என்றால் மணி. அங்கே அதை ஆண் பெயர் என்று நினைக்கப் பழகியவர்களும் இல்லை. கனியை வீட்டில் யாருக்காவது அந்தப் பெயரோடு உறவு இருந்தால் மட்டும் சிபாரிசு செய்வேன்.

எதை எடுத்தாலும் பிறப்புச் சான்றிதழில் அந்தச் சொல்லை மட்டும் எழுதுங்கள். 'வீட்டில் மதி, சர்டிபிகேட்டில் மதிவதனி' என்று வைத்தால் பள்ளியில் சேர்க்கும் நாளிலேயே பொதுப் பெயர் போய்விடும். ஜாதகக்காரர் எழுத்துக் கூட்டச் சொன்னாலும் கடைசியில் வால் சேர்க்க விடாதீர்கள். பிறப்பை 21 நாளுக்குள் பதிந்துவிட வேண்டும், ஆனால் பெயரை அன்றைக்கே கொடுத்தாக வேண்டியதில்லை. பதிவான நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் கட்டணம் இல்லாமல் சேர்க்கலாம், அதற்குப் பிறகு தாமதக் கட்டணம் கட்டி 15 வருடம் வரை சேர்க்கலாம். பெயரைக் கொடுக்கும்போது தமிழிலும் ஆங்கிலத்திலும் எப்படி எழுத வேண்டும் என்பதை ஒரு தாளில் தெளிவாக எழுதிக்கொண்டு போங்கள். மதிக்கு டி-எச் போடுவதா, டி மட்டுமா என்பதை அந்தக் கவுண்டரில் இருப்பவர் முடிவு செய்யும்படி விட்டுவிட வேண்டாம்.